நாலு நிமிட நன்றியுரை

இன்றைக்குக் காரின் பனிக்கால டயரைக் கழற்றிக் கோடை டயர் மாற்றப் போனேன். கடைக்குள் கால் வைத்ததும் புது ரப்பர் மணம் மூக்கில் ஏறியது. உடனே உன் ஞாபகம். பூவுக்கும் ஊதுபத்திக்கும் நினைக்கப்படுகிற மனிதர்கள் இருக்கிறார்கள், நீ டயருக்கு. என்ன செய்வது, உன் ராக் வானொலி நிலையம் டயர் கடையின் மேல்மாடியில்தானே இருந்தது.

இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் ஒஸ்லோவுக்கென்றே ஒலித்த நிலையம் அது. நீண்ட முடிக்கார நோர்வேஜியர்கள் பேசுவார்கள், கிற்றார் அலறும், இடையிடையே நீ பிடித்துவந்த விளம்பரம் போகும். ஒஸ்லோவின் குரொன்லாண்ட் பகுதியில் மரக்கறிக் கடை வைத்திருந்த அண்ணரிடம் நீ விளம்பரம் கேட்டபோது நானும் பக்கத்தில் நின்றேன்.

"தம்பி, இந்தக் கத்தலுக்குள்ள என்ர முருங்கைக்காய் ஆருக்குக் கேக்கும்?"

"அண்ணை, கத்துறவனுக்கும் பசிக்கும்தானே."

மனுசன் உடனே தலையாட்டினார். அப்படி வாய் உனக்கு. ஆனாலும் அன்றைக்கு நீ என் வாயை நம்பினாயே, அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

வேறு நகரத்துப் பெரிய நிறுவனம் ஒன்று நிலையத்தை வாங்கியது. இனி ஒஸ்லோவில் ஆட்கள் தேவையில்லை, அங்கிருந்து கணினியே பாட்டுப் போடும் என்றார்கள். நீங்களெல்லாரும் சண்டை பிடித்ததில் ஒரு சலுகை கிடைத்தது: உள்ளூர்க் குரல்கள் வேண்டுமென்று நேயர்கள் எழுதினால் யோசிப்பார்களாம். எழுதச் சொல்லிக் கேட்க ஒரு காலை நிகழ்ச்சி. அதில் எனக்கு நாலு நிமிடம். தமிழ் விழாக்களில் ஒலிவாங்கி பிடித்துச் சிரிப்புக் காட்டுகிறவன் என்பதைத் தவிர எனக்கென்ன தகுதி?

படியேறும்போதே சொன்னாய். "மச்சான், நாலு நிமிசம் முடிய கணினி தானாப் பாட்டைப் போட்டிடும். விசயத்தை முதல் சொல்லு."

"ஓம் ஓம், எனக்குத் தெரியாதே?"

தெரியாதுதான். இருபது வருடமாக எங்கள் மண்டபங்களில் பேசிப் பழகிய வாய். சிவப்பு விளக்கு எரிந்ததும் அவை வணக்கம் தொடங்கிவிட்டது, அதுவும் நோர்வேஜிய மொழியில். வாய்ப்பளித்த நிலையத்தாருக்கு நன்றி. ஒலி அமைத்தவருக்கு நன்றி. கோப்பி தந்த பெண்மணிக்கு, விளம்பரம் தந்த வணிகப் பெருமக்களுக்கு, குளிரைப் பாராமல் கேட்டுக்கொண்டிருக்கும் நேயர்களுக்கு. கண்ணாடிக்கு அப்பால் நீ கழுத்தை அறுப்பதுபோல் கைகாட்டினாய். நான் அதைப் பாராட்டென்று நினைத்து என் மனைவிக்கும் நன்றி சொன்னேன். உன் பக்கத்தில் நின்ற அறிவிப்பாளன் உன்னிடம், "இவருக்கு இன்னும் எத்தனை உறவினர்?" என்று கேட்டானாம்.

"ஆகவே, அன்பான ஒஸ்லோ மக்களே, இந்த நிலையம்..." என்றேன். கிற்றார் அலறியது. நாலு நிமிடம் முடிந்திருந்தது. 'தயவுசெய்து எழுதுங்கள்' என்ற வசனம் என் தொண்டையிலேயே நின்றுவிட்டது.

என் பேச்சுக்கு வந்த மின்னஞ்சல் ஒன்றே ஒன்று. குறுக்கே வந்த அந்தப் பாட்டின் பெயர் என்ன என்று ஒருவர் கேட்டிருந்தார்.

அந்தக் கோடையிலேயே உங்களை வீட்டுக்கு அனுப்பினார்கள். நிலையத்தின் பெயர் மட்டும் மிஞ்சியது. ஒஸ்லோவில் பனி கொட்டும்போது, எங்கோ பதிவுசெய்த குரல் நல்ல வெயில் என்று சொன்னதை நானே கேட்டேன். ரேடியோவை அடித்தேன், கைதான் நொந்தது. நீ ஒஸ்லோவுக்கு வெளியே ஸ்ட்ரோம்மனில் குசினி அலுமாரி விற்கப் போனாய். ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்குச் செமித்திருக்கும். பதிலுக்கு, போகிற வீடெல்லாம் என் நன்றியுரையை நடித்துக் காட்டிச் சனத்தைச் சிரிக்க வைத்தாய். என்னைவிட நன்றாக வேறு செய்தாய்.

போன மாரிக் குளிரில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் நீ கிடந்தபோதுதான் கேட்டேன். "உண்மையைச் சொல்லடா. என்னாலதானே நிலையம் போனது?"

"சீ, அவங்கள் முதலே முடிவெடுத்திட்டாங்கள். நீ சும்மா பெருமை எடுக்காத."

பழியைக்கூட முழுசாகத் தராமல் போய்விட்டாய். அவர்கள் முடிவெடுத்தே இருக்கட்டும். எழுதச் சொல்லி ஒரு வசனம் நான் சொல்லியிருக்கலாம். அந்த எரிச்சல் போகிறதாயில்லை.

அந்தப் பேச்சு எனக்கு இன்னும் வரிசை பிசகாமல் மனப்பாடம். பனிக்காலத் தண்டவாளத்தில் ரயில் நின்றுவிட்டால் மனதுக்குள் சொல்லிப் பார்ப்பேன். போன கிழமைதான் கவனித்தேன். அத்தனை பேருக்கும் நன்றி சொன்னவன் உனக்குச் சொல்லவில்லை. மறக்கவில்லையடா. எங்கட ஆள்தானே என்று உன்னைக் கடைசிக்கு வைத்திருந்தேன். அதற்குள் பாட்டு வந்துவிட்டது.