கிழிபாறைக்குள் படிக்கப் போனவருக்கு

கான்சாபுரம்,
சனிக்கிழமை காலை.

என் வீட்டுக்காரர் லிங்கேஸ்வரன் அவர்களுக்கு, மாரீஸ்வரி எழுதுவது.

நலமா என்று கேட்கப் போவதில்லை. இப்போது உங்களுக்கு வயது என்ன என்று மட்டும் கேட்கிறேன். செவ்வாய்க்கிழமை காலையில் ராஜபாளையத்து வீட்டில் இட்லி சாப்பிட்டுவிட்டுக் கிளம்பும்போது சர்டிபிகேட் கணக்கில் முப்பத்தாறு. கிழிபாறைக்குள் எவ்வளவு என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

ஆமாம், தெரிந்துவிட்டது. ஸ்ரீவில்லிபுத்தூர் கோச்சிங் சென்டருக்கு என்று சொல்லிவிட்டு நீங்கள் எங்கே போனீர்கள் என்று தெரியும். எப்படித் தெரிந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன். என்னை ஏமாளி என்று நினைத்துக்கொண்டு இருக்க வேண்டாம்.

முதலில் முடி. ஞாயிறு இரவு வரும்போதெல்லாம் புதிதாக முடி வெட்டி, வழுவழுவென்று ஷேவ் செய்து வந்தீர்கள். வாரா வாரம் முடி வெட்டும் ஆளை நான் பார்த்ததில்லை. பிறகு அலமாரியில், துண்டுக்கு அடியில், ஹேர் டை பாக்கெட். எனக்கு வேறு என்ன தோன்றும்? யாரோ ஒருத்தி இருக்கிறாள் என்றுதான் நினைத்தேன். கேட்கலாம் என்று வாயெடுத்தால் பால்கோவாவை நீட்டி அடைத்தீர்கள். போனைத் தள்ளிப் பிடித்துப் படித்ததைக்கூட என்னிடமிருந்து எதையோ மறைப்பதாகவே எடுத்துக்கொண்டேன். கிட்டத்து எழுத்து தெரியாமல் போன கண் அது என்று அப்போது புரியவில்லை.

சட்டைப் பையில் கான்சாபுரம் பஸ் டிக்கெட் கிடைத்தது. கோச்சிங் சென்டருக்குப் போன் செய்தேன். மூன்று மாதமாக நீங்கள் வரவே இல்லை என்றார் அந்த சார். போன ஞாயிறு தையல் கம்பெனியில் ஓவர்டைம் என்று உங்களிடம் பொய் சொன்னேன். பாப்பாவைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு அடுத்த பஸ்ஸில் வந்து இறங்கினேன். ஒருத்தியைக் கையும் களவுமாகப் பிடிக்க வந்தவளுக்கு ஆடு மேய்க்கும் கருத்தையாதான் கிடைத்தார்.

பிளவக்கல் அணைக்கு மேலே, முள்கம்பி போட்டு மறித்திருக்கும் அந்தப் பாறைப் பிளவை அவர்தான் தூரத்திலிருந்து காட்டினார். "என் குட்டி ஒண்ணு மழைக்கு ஒதுங்கி உள்ள போச்சு தாயி. ஒரே வாரத்துல பல்லு விழுந்த கெழட்டு ஆடா வெளிய வந்து நின்னுச்சு. அங்கன நேரமே கிழிஞ்சு கெடக்கு. ஒன் வீட்டுக்காரருகிட்ட எம்புட்டோ சொல்லிப் பாத்தேன், அவிய கேக்கல" என்றார். உள்ளே பசிக்காதாம், இருட்டாதாம். வெளியே ஒரு பகல் போனால் உள்ளே ஒரு வருஷமாம். "கடைசி வாய்ப்புண்ணே. சர்டிபிகேட்டுல வயசு ஏறாதுல்லா? ஒரு வருஷப் படிப்ப ஒரு ஞாயித்துக்கெழமையில முடிச்சிருவேன்" என்று அவரிடம் சொன்னீர்களாம். குரூப் தேர்வின் வயது வரம்பை ஏய்க்க உங்களுக்கு மட்டும்தான் இப்படித் தோன்றும்.

பொழுது சாயும் நேரத்தில் நீங்கள் வெளியே வந்தீர்கள். மார்பு வரை தாடி, கையில் கந்தலாகிப் போன நோட்டுகள். புதருக்குப் பின்னால் நின்று பார்த்தேன். கூப்பிடாமல் பஸ்ஸுக்கு ஓடினேன். நீங்கள் வத்திராயிருப்பு சலூனில் உட்கார்ந்திருந்த நேரத்தில் நான் வீட்டுக்கு வந்து உலை வைத்துவிட்டேன்.

திங்கட்கிழமை முழுக்க உங்களைக் கவனித்தேன். அணைகளின் பெயர் அத்தனையும், கட்டிய வருஷத்தோடு, தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வீர்கள். நம் மகளை மட்டும் அன்றைக்கு ஒரு தடவைகூடப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. அவள் கதவு இடுக்கில் விரலை வைக்கப் போனபோது பதறி எழுந்தீர்கள். வாயைத் திறந்தீர்கள். "ஏய்" என்றுதான் வந்தது. நான்தான் ஓடிப் போய் அவள் கையை எடுத்துவிட்டேன்.

மறுநாள், தேர்வு வரை ஸ்ரீவில்லிபுத்தூரிலேயே தங்கிப் படிக்கப் போவதாகச் சொல்லிப் பையைத் தூக்கினீர்கள். பொய் என்று தெரிந்தும் வழிவிட்டேன். கோபம். போய்த் தொலையட்டும் என்று நினைத்தேன். அப்படி நினைத்ததற்காக நாலு நாளாக அழுதுகொண்டிருக்கிறேன்.

இரவையும் சேர்த்தால் நாளுக்கு இரண்டு வருஷம். பன்னிரண்டு ஞாயிறும் இந்த நாலு நாளும் சேர்த்தால் உங்களுக்கு இப்போது ஐம்பத்தாறு. இன்னும் இரண்டு நாளில் ஓய்வு பெறும் வயது வந்துவிடும். தேர்வுக்கோ எட்டு நாள் இருக்கிறது. ஹால் டிக்கெட் வந்துவிட்டது. அந்தப் போட்டோவில் இருப்பவருக்கு நீங்கள் அப்பா மாதிரி இருப்பீர்கள். ஹாலுக்குள் யார் விடுவார்கள்?

உள்ளே உங்களைத் தவிர யாரும் கிடையாது என்கிறார் கருத்தையா. அவர் என்ன உள்ளே போய்ப் பார்த்தாரா? நான் முழுதாக நம்பவில்லை. ஆனால் இப்போது எனக்கு அது பெரிதாகத் தெரியவில்லை. என்னுடைய சந்தேகம் வேறு.

இந்தக் கடிதத்தை மஞ்சள் பையில் போட்டு, நீளக் கம்பால் உள்ளே தள்ளிவிடக் கருத்தையா ஒத்துக்கொண்டிருக்கிறார். பையில் கயிறு கட்டியிருக்கிறது, பேனாவும் இருக்கிறது. இந்தத் தாளின் பின்பக்கத்தில் நம் மகளின் பெயரை எழுதிக் கயிற்றை இழுங்கள். பாப்பா என்றே நானும் எழுதியிருப்பது வேண்டுமென்றேதான். வெளியே நின்று ஐம்பது எண்ணுவேன். அதற்குள் உங்களுக்கு ஒரு பகல் முழுக்க யோசிக்க நேரம் கிடைக்கும். நானே உள்ளே வந்து இழுத்துக்கொண்டு போயிருப்பேன். என்னையும் கிழவியாகப் பார்த்தால் அவள் யாரிடம் போவாள்?

பெயர் ஞாபகம் வந்தால் உடனே கிளம்பி வாருங்கள். வராவிட்டாலும் வாருங்கள், நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். அவளைக் கையோடு கூட்டி வந்து, கருத்தையாவின் மனைவி இருளம்மாளிடம் விட்டிருக்கிறேன். யார் கேட்டாலும் இப்போது தன் பெயரை முழுதாகச் சொல்கிறாள். முதலில் உங்கள் இனிஷியலைச் சொல்லிவிட்டுத்தான் சொல்கிறாள்.

வேலிக்கு இந்தப் பக்கம் நிற்கும்,
உங்கள் மாரீஸ்வரி.