கேட்காத கேள்விக்குச் சம்மதம்

பிப்ரவரி 4

அன்புள்ள சூறாவளிக்கு,

நலம். நீயும் நலமாகத்தான் இருப்பாய் என்று நானாகவே முடிவு செய்துகொண்டு எழுதுகிறேன். கல்யாணமாகிப் பதினொரு வருஷத்தில் உனக்கு நான் எழுதும் முதல் கடிதம் இது. போனில் பேசினால் இரண்டாவது நிமிஷமே ஆளுக்கொரு பக்கம் கத்த ஆரம்பித்துவிடுகிறோம். உன் ராத்திரி ஷிப்டால் நான் விழித்திருக்கும்போது நீ தூங்குகிறாய். நீ கூப்பிடும் நேரத்தில் என் பக்கத்து சீட்டில் யாராவது ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு, எதிரே வரும் பஸ்ஸைப் பார்த்துக் கண்ணை மூடிக்கொள்கிறார். காகிதம் என்றால் கத்த முடியாது பார்.

டிரைவிங் ஸ்கூல் வழக்கம்போல. பல் டாக்டரம்மா இன்னும் கற்றுக்கொண்டே இருக்கிறார். ஊரார் பல்லையெல்லாம் தைரியமாகப் பிடுங்குகிறவர், ரிவர்ஸ் கியர் என்றால் நடுங்குகிறார். என் பக்கத்திலும் ஒரு பிரேக் இருப்பதால்தான் நம் காம்பவுண்டுச் சுவர் பிழைத்தது.

பேப்பரில் உங்கள் விண்கலத்தைப் பற்றிப் போட்டிருந்தார்கள். அது வியாழன் கிரகத்துக்குள் விழப்போகிறதாம். தானாக விழுகிறதா, நீங்களே தள்ளிவிடுகிறீர்களா? நன்றாக ஓடுகிற வண்டியை எதற்கு உடைக்கவேண்டும்? என் தொழிலில் இதைச் செய்தால் லைசென்ஸைப் பிடுங்கிவிடுவார்கள். அதோடு உன் வேலையும் முடிந்ததா, இல்லை, இன்னும் மூன்று வருஷம் என்று இழுக்குமா? எனக்கு ஒன்றும் புரியவில்லை.

உன்னிடம் ஒன்று கேட்கவேண்டும். பெரிய விஷயம்தான். இந்தக் கடிதத்திலேயே கேட்கத் தைரியம் வரவில்லை. அடுத்ததில் கேட்கிறேன். கோபப்படாமல் படி.

இப்படிக்கு,
மாஸ்டர்

&nbsp;

பிப்ரவரி 17

அன்புள்ள மாஸ்டருக்கு,

கடிதம் வந்தது. உங்கள் கையெழுத்து இவ்வளவு மோசமாக இருக்கும் என்று தெரிந்திருந்தால் போனிலேயே கத்தியிருக்கலாம்.

நாங்கள்தான் தள்ளிவிடுகிறோம். வியாழனில் தரையே கிடையாது. மேகத்துக்குக் கீழே மேகம், அதற்கும் கீழே இன்னும் அடர்ந்த மேகம். முதல் வருஷம் ஒரு சின்னக் கருவியைப் பாராசூட்டில் கட்டி உள்ளே இறக்கினோம், ஞாபகமிருக்கிறதா? காற்று இவ்வளவு, சூடு இவ்வளவு என்று சொல்லிக்கொண்டே போய், அழுத்தம் தாங்காமல் பேச்சை நிறுத்திக்கொண்டது. தாய்க்கலம் அங்குள்ள நிலாக்களைச் சுற்றி வருகிறது. ஒரு நிலா ஓயாமல் நெருப்பைக் கக்குகிறது. இன்னொன்று முழுக்கப் பனிக்கட்டி. அந்தப் பனிக்கு அடியில் கடல். அந்தக் கடலில் ஏதாவது உயிர் இருக்கலாம். எங்கள் கலத்தைச் செய்தபோது யாருடைய கையிலிருந்தோ ஒட்டிக்கொண்ட கிருமி அங்கே போய் விழக்கூடாது. எரிபொருள் தீர்ந்துவிட்டால் கலம் யார் பேச்சையும் கேட்காது, எதில் போய் முட்டும் என்றும் சொல்ல முடியாது. அதனால் நம் பேச்சைக் கேட்கும்போதே அதை வியாழனுக்குள் இறக்கி எரித்துவிடுகிறோம். ஏப்ரல் நடுவில்.

அதற்குப் பிறகு என் வேலை? தெரியவில்லை. அடுத்த திட்டம் வருகிறது என்கிறார்கள், மறுநாளே வராது என்கிறார்கள்.

இங்கிருந்து ஒரு கட்டளை போய்ச் சேர முக்கால் மணிநேரம் ஆகும். பதில் வர இன்னொரு முக்கால் மணிநேரம். ‘இப்ப எங்கே இருக்கே?’ என்று கேட்டுவிட்டுக் காத்திருந்தால் ஒரு வேலையும் நடக்காது. அது எங்கே இருக்கும், என்ன சொல்லும் என்று கணக்குப் போட்டு, அடுத்த கட்டளையை முன்கூட்டியே அனுப்பிவிடுவோம். இந்தப் பழக்கம் ரத்தத்தில் ஊறிவிட்டது. கேண்டீனில் என் ஷிப்ட் தோழி வாயைத் திறக்கும் முன்பே சர்க்கரையை அவள் பக்கம் நகர்த்துகிறேன்.

அதனால் உங்கள் அடுத்த கடிதத்துக்கும் நான் காத்திருக்கவில்லை. நீங்கள் என்ன கேட்கப்போகிறீர்கள் என்று எனக்குத் தெரியும். டிசம்பரில் போனில் ‘இதுக்கு ஒரு முடிவு கட்டிடலாம்’ என்றீர்களே, அன்றைக்கே புரிந்துவிட்டது. கேட்கச் சிரமப்படவேண்டாம். சம்மதம். இப்படி இரண்டு ஊரில் இழுத்துக்கொண்டு கிடப்பதைவிட அதுதான் நல்லது. வீட்டுச் சாமான்களைப் பற்றி நான் எதுவும் சொல்லமாட்டேன். என் புத்தகங்களை மட்டும் பெட்டியில் கட்டி வையுங்கள், மற்றதெல்லாம் உங்கள் இஷ்டம். நல்லபடியாக முடித்துக்கொள்வோம்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

சூறாவளி

&nbsp;

மார்ச் 1

என் அன்புச் சூறாவளிக்கு,

நீ மனுஷியா, மந்திரவாதியா? நான் இன்னும் கேட்கவே இல்லை, அதற்குள் சம்மதமா! ஸ்கூலை மூடிவிட்டு நான் அங்கே வந்து உன்னோடு இருக்கட்டுமா என்று கேட்கத்தான் இத்தனை நாளாக மென்று விழுங்கிக்கொண்டிருந்தேன். உன் வேலை எங்கே இருந்தால் என்ன? ரோடு இருக்கிற ஊரில் எல்லாம் ஓட்டத் தெரியாதவர்களும் இருப்பார்கள். நான் பிழைத்துக்கொள்வேன்.

உன் கடிதம் வந்த மறுநாளே காரை விற்றுவிட்டேன். அடுத்த தெரு டிரைவிங் ஸ்கூல்காரர்தான் வாங்கிக்கொண்டார். நீ ஓட்டப் பழகிய கார் அது. திருப்பத்தில் மறையும்வரை வாசலிலேயே நின்றேன், மனசு கேட்கவில்லை. பல் டாக்டரம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார். வீட்டு ஓனரிடமும் சொல்லியாயிற்று, ஏப்ரல் பதின்மூன்றாம் தேதி காலி செய்கிறேன். உன் புத்தகங்களுக்குப் பெட்டிகள் போதவில்லை. இத்தனையையும் எப்போதுதான் படித்தாய்?

ஒரே ஒரு குழப்பம். ‘நல்லபடியாக முடித்துக்கொள்வோம்’ என்று எழுதியிருக்கிறாய். திரும்பத் திரும்பப் படித்துப் பார்த்தேன். எதை முடித்துக்கொள்வது? சண்டையைத்தானே? நான் அப்படித்தான் எடுத்துக்கொண்டேன்.

சந்தோஷத்தில் தலைகால் புரியாமல்,
உன் மாஸ்டர்

&nbsp;

மார்ச் 14

மாஸ்டர்,

பெட்டி கட்டுவதை நிறுத்துங்கள்.

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டுக் கேண்டீனில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். ஷிப்ட் தோழி, “என்னாச்சுப்பா, மூஞ்சி ஏன் இப்படி இருக்கு?” என்றாள்.

“அவர் இங்கே வர்றாராம்.”

“அதுக்கா அழறே?”

அழுகிறேன் என்று அவள் சொல்லித்தான் எனக்கே தெரிந்தது.

நான் சம்மதம் சொன்னது நீங்கள் வருவதற்கு இல்லை. நாம் பிரிவதற்கு. நீங்கள் விவாகரத்து கேட்கப்போகிறீர்கள் என்று நினைத்துவிட்டேன். கேட்டுவிட்டுத் தலைகுனிந்து நிற்பீர்களே, அந்தச் சங்கடம் உங்களுக்கு வேண்டாம் என்று நானே முந்திக்கொண்டேன். தபாலில் போட்டுவிட்டு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. பெருந்தன்மையாக எழுதிவிட்டதாக என்னை நானே மெச்சிக்கொண்டேன் வேறு. அத்தனை தூரத்தில் இருக்கிற கலம் எங்கே நிற்கும் என்று பிசகாமல் சொல்கிறவள், பக்கத்தில் படுத்திருந்த மனுஷரின் விஷயத்தில் கோட்டை விட்டேன். உங்கள் கார் போய்விட்டதே! அதை எப்படித் திருப்பித் தருவேன்?

இத்தோடு நிறுத்தினால் நான் நல்லவள். ஆனால் சொல்லாமல் இருக்க முடியவில்லை. நீங்கள் வருகிறீர்கள் என்றதும் சந்தோஷத்துக்கு முன்னால் பயம்தான் வந்தது. நான் கார் ஓட்டியபோதெல்லாம் உங்கள் கால் உங்கள் பக்கத்துப் பிரேக்கிலேயே இருந்தது. நான் மிதிக்கும் முன்பே வண்டி நின்றுவிடும். ஓட்டியது நானா நீங்களா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. வீட்டிலும் அதே கதைதான். நான் ஒரு சட்டை எடுத்தாலும் ‘யோசிச்சுக்கோ’, இந்த வேலைக்கு மனுப் போட்டாலும் ‘யோசிச்சுக்கோ’. இங்கே வந்தபிறகுதான் நான் எடுத்த முடிவு நான் எடுத்த முடிவாகவே போய்ச் சேர்ந்தது.

வராதீர்கள் என்று எழுதக் கை வரவில்லை. வாருங்கள் என்று எழுதவும் வரவில்லை. உங்களை இழக்கப் பயம், வந்துவிடுவீர்களோ என்றும் பயம். இப்படியும் ஒருத்தி இருப்பாளா? என்ன செய்யப்போகிறீர்கள்?

சூறாவளி

&nbsp;

மார்ச் 27

சூறாவளிக்கு,

படித்ததும் கோபம் தலைக்கேறியது. திட்டலாம் என்றால் உட்கார ஒரு நாற்காலி இல்லை, எல்லாவற்றையும் கொடுத்தாயிற்று. உன் புத்தகப் பெட்டியின் மேல்தான் உட்கார்ந்தேன். போனைக் கையில் எடுத்தேன். இதைப் போனில் பேசினால் இரண்டாவது நிமிஷம் நாம் நிஜமாகவே பிரிந்திருப்போம். வைத்துவிட்டேன்.

பிரிவதைப் பற்றி நான் நினைத்ததே இல்லை. டிசம்பரில் சொன்ன முடிவு, நான் வந்துவிடுவது என்ற முடிவுதான். அதைச் சொல்ல வருவதற்குள் நீ போனை வைத்துவிட்டாய். இருக்கட்டும். ஆனால் நான் கேட்டால் கொடுத்துவிடத் தயாராக இருந்தாயே, ஒரு ‘ஏன்’கூடக் கேட்காமல்! அது வலிக்கிறது. இன்னும் வலிக்கிறது.

பிரேக் விஷயத்தை மறுக்கத்தான் பார்த்தேன். எனக்குச் சாட்சி சொல்லட்டும் என்று பல் டாக்டரம்மாவிடம் போனேன். “நீங்க ஓட்டும்போது நான் தேவையில்லாம பிரேக் போட்டிருக்கேனாம்மா?” என்று கேட்டேன்.

அவர் சிரித்துவிட்டார். “மாஸ்டர், நான் பிரேக்கை மிதிச்சதே இல்லையே! எப்பவும் நீங்கதானே மிதிச்சீங்க. புது ஸ்கூல்ல போன வாரம்தான் முதல் தடவையா மிதிச்சேன். ரிவர்ஸ்கூட வந்துடுச்சு.”

வீடுவரை நடந்தே வந்தேன். இத்தனை வருஷமாக நான் யாருக்குத்தான் ஓட்டக் கற்றுக்கொடுத்தேன் என்று தெரியவில்லை.

நீ மிதிக்கும் முன்னால் நான் மிதித்தேன். நான் கேட்கும் முன்னால் நீ பதில் சொன்னாய். நல்ல ஜோடிதான் போ.

வீட்டுக்குப் புது ஆள் வருகிறார், இங்கே இருக்க முடியாது. ரயில் டிக்கெட் எடுத்துவிட்டேன். ஏப்ரல் பதினைந்து மத்தியானம் உன் அறை வாசலுக்கு வருவேன். உன் பதில் அதற்குள் என் கைக்கு வராது. உங்கள் ஆபீஸ் வழக்கப்படியே, நீ அன்றைக்கு எங்கே இருப்பாய் என்று ஒரு கணக்குப் போட்டுக் கிளம்புகிறேன். கதவு பூட்டியிருந்தால் கணக்குத் தப்பு என்று புரிந்துகொண்டு திரும்பிவிடுவேன். புத்தகங்கள் லாரியில் வரும். அவை எப்படியும் உன்னுடையவை.

மாஸ்டர்

&nbsp;

ஏப்ரல் 15, காலை

மாஸ்டர்,

கதவு பூட்டியிருக்கும். அதைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விடாதீர்கள் என்று சொல்லத்தான் இது. இதையும் சாவியையும் பக்கத்து அறையில் இருக்கும் ஷிப்ட் தோழியிடம் கொடுத்துவிட்டுப் போகிறேன், அவளுக்கு இன்றைக்கு ராத்திரி முறைதான். நீங்கள் படியேறும் சத்தம் கேட்டதும் ஓடிவந்து தரச் சொல்லியிருக்கிறேன். சாப்பாடு மூடி வைத்திருக்கிறது, சுடவைத்துச் சாப்பிடுங்கள். குழாயை இறுக்கி மூடாதீர்கள், கையோடு வந்துவிடும்.

கலம் விழுவது இன்றைக்குத்தான். நீங்கள் இதைப் படிக்கும்போது நான் கட்டுப்பாட்டு அறையில் இருப்பேன். அது அனுப்பும் சிக்னலை நாங்கள் கேட்டுக்கொண்டிருக்கும்போதே அது அங்கே இல்லாமல் போயிருக்கும். முக்கால் மணிநேரத்துக்கு முன்பே முடிந்துபோன ஒன்றை உட்கார்ந்து கேட்டுவிட்டு வருவேன். அழுத முகத்தோடுதான் வருவேன், பயப்படாதீர்கள்.

உங்கள் கடிதத்துக்குப் பதில் எழுதப் பல தடவை உட்கார்ந்தேன். ஒவ்வொரு தடவையும் ஒவ்வொன்று வந்தது. குழப்பம் தீரவில்லை, பயமும் முழுசாகப் போகவில்லை. ஆனால் நேற்று அலமாரியில் பாதியைக் காலி செய்துவிட்டேன். யாரும் சொல்லாமல், என் கையே செய்தது.

நான் வந்ததும் அந்தக் கேள்வியை என் முகத்தைப் பார்த்து முழுசாகக் கேளுங்கள். நீங்கள் கேட்டு முடிக்கும்வரை நான் வாயைத் திறக்கமாட்டேன். அதற்குப் பிறகு நான் யோசிப்பேன். எவ்வளவு நேரமானாலும் நடுவில் நீங்கள் ‘யோசிச்சுக்கோ’ என்று சொல்லக்கூடாது.

என்ன சொல்வேன் என்று இப்போதே கணக்குப் போட ஆரம்பித்துவிடாதீர்கள். நான் வரும்வரை இருங்கள்.

சூறாவளி