முன்னாள் வதிவிடம்

அன்புள்ள லக்சிகா,

தம்பியின் மரண அறிவித்தலை இங்கே ரூ பெர்தொனேத் தெருத் தமிழ்க் கடைகளில் ஒட்டியாயிற்றா என்று தொலைபேசியில் கேட்டீர். ஓம் என்றேன். பொய். அத்தனை தாளும் என் கட்டிலில்தான் கிடக்கின்றன.

பிறப்பிடம் யாழ்ப்பாணம், முன்னாள் வதிவிடம் பாரிஸ், வதிவிடம் அமெரிக்கா என்று அச்சகத்து அண்ணை வழக்கம்போல எழுதியிருந்தார். பாரிஸை எடுத்துவிடச் சொன்னேன்.

"ஏன் தங்கச்சி, ஏழு வருசம் இஞ்சை இருந்த பிள்ளையெல்லோ?" என்றார். பாரிஸையும் வைத்தே அடித்துத் தந்துவிட்டார்.

2015 நவம்பரில் இங்கே கபே வாசல்களில் இருந்தவர்களைச் சுட்டார்களே, அவன் வேலை செய்த உணவகம் அங்கிருந்து இரண்டு தெரு தள்ளித்தான். உயிரோடு வீட்டுக்கு வந்தான். அதன்பிறகு நான்தான் அவனை இங்கே இருக்கவிடவில்லை. "எனக்கு இஞ்சை பிடிச்சிருக்கு அக்கா" என்று எத்தனையோ தடவை சொன்னான். அந்த நேரம்தான் உம்முடைய சம்பந்தம் வந்தது. உம்மைப் பிடித்துப்போய்க் கட்டிவைத்தேன் என்று இவ்வளவு காலமும் நினைத்திருப்பீர். உம்முடைய படத்தைக்கூட நான் சரியாகப் பார்க்கவில்லை, லக்சிகா. அமெரிக்கா என்பதைத்தான் பார்த்தேன்.

அங்கே பிள்ளைக்குப் பால் வாங்கப் போன கடையில், நிறத்தைப் பார்த்து ஒருவன் சுடுவான் என்று எனக்கு எப்படித் தெரியும்?

நாளைக்கு ஒட்டிவிடுவேன். பாரிஸ் இருக்கட்டும். அவனுக்குப் பிடித்த ஊர்.

சாவதற்கு முதல்நாள் பேசியபோதும், "சனத்துக்குள்ளை போகாதேங்கோ அக்கா, உங்கை கவனம்" என்று சொல்லித்தான் தொலைபேசியை வைத்தான்.

இனியும் என்னை அப்படிக் கூப்பிடுவீரானால்,
உம்முடைய மச்சாள்