ஓவன் கதவில் ஒரு மரக்கரண்டி

மார்ச் 3, செவ்வாய்

குட்டிக்கு இன்னொரு பல். இவருக்கு மறுபடியும் மலை மேல் வேலை. பதினான்காம் தேதி கிளம்பினால் மூன்று வாரம். செல்போன் கோபுரம், பக்கத்தில் ஒரு தகரக் கொட்டகை, அவ்வளவுதான். ஃப்ரிட்ஜ் கிடையாது. போன தடவை கெட்டுப்போன டின் மீனைத் தின்றுவிட்டு இரண்டு நாள் தனியாக வாந்தி எடுத்துக் கிடந்ததை, கீழே இறங்கி வந்த பிறகுதான் சொன்னார்.

"ஜெர்க்கி பண்ணிக் குடேன். நம்ம ஓவன்லயே ஆகுமாம்" என்கிறார்.

மாட்டுக்கறியைக் காயவைத்தால் மூன்று வாரம் தாங்குமா? எது காப்பாற்றுகிறது — உப்பா, சூடா? அத்தையிடம் (இவருடைய அம்மா) விளக்கினேன். "அட, உப்புக்கண்டம். அதுக்கு இங்க்லீஷ்ல ஒரு பேரா?"

மார்ச் 5, வியாழன்

கறிக்கடைக்காரர் தொடைக்கறியைத் தட்டிக் காட்டினார். "கொழுப்ப சுத்தமா எடுத்துடுங்கம்மா. ஒரு பொட்டு இருந்தாலும் காறிப் போயிடும். அரைகுறையா உறைய வச்சு வெட்டுங்க, இல்லன்னா கத்தி வழுக்கும்." வழுக்கவில்லை. உப்பு, மிளகு, பூண்டு, சோயா சாஸ். இரவு முழுக்க ஃப்ரிட்ஜில் ஊறட்டும்.

மார்ச் 6, வெள்ளி

காரியம் கெட்டது.

முதலில் துண்டுகளை நன்றாகச் சூடாக்கி, பிறகு ஓவனில் எழுபத்தைந்து டிகிரி. ஈரம் வெளியே போகக் கதவு இரண்டு விரல் அளவு திறந்திருக்க வேண்டுமாம். நடக்கப் பழகும் பிள்ளை இருக்கிற வீட்டில் திறந்த ஓவன்! சமையலறை வாசலில் நாற்காலியைக் குறுக்கே போட்டுக் குட்டியை அத்தையிடம் விட்டேன்.

ஐந்து மணி நேரம் கழித்துப் பார்த்தால் கறி சாம்பல் நிறத்தில் வியர்த்துக் கிடக்கிறது. கண்ணாடியில் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர். ஒரு கிலோவில் இருநூறு கிராம்கூடக் குறையவில்லை. காயவில்லை, வெந்திருக்கிறது. கதவு மூடியிருந்தது.

அத்தையிடம் கொஞ்சம் சூடாகவே கேட்டுவிட்டேன்.

மார்ச் 7, சனி

அத்தை காலையில்தான் பதில் சொன்னார். "நான் அந்தப் பக்கமே போகலம்மா. நீதான் போறப்பவும் வர்றப்பவும் முழங்காலால தள்ளி மூடிட்டே இருந்த."

"அப்பவே சொல்லியிருக்கலாமே அத்தை?"

"தெரிஞ்சுதான் மூடறேன்னு நெனச்சேன். நீ எதையும் மூடாம விட்டிருக்கியா?"

நானா? சத்தியமாக ஞாபகம் இல்லை. எத்தனை தடவை மூடியிருப்பேன்? கறியை மிளகு போட்டு வதக்கிச் சாப்பிட்டாயிற்று. மன்னிப்பும் கேட்டாயிற்று.

மார்ச் 10, செவ்வாய்

இந்தத் தடவை கதவிடுக்கில் மரக்கரண்டியைச் செருகிவிட்டேன். முழங்கால் போய் இடித்தது — ஆறு தடவை. எண்ணினேன்.

மணிக்கொரு தரம் எடை: 1000, 840, 690, 560, 470, 420. கல்லூரி ஆய்வகத்துக்குப் பிறகு இப்படி எழுதுவது இன்றுதான். பாதிக்கு மேல் தண்ணீரா! முதலில் மளமளவென்று போகிறது, கடைசியில் ஏன் இப்படி அடம்பிடிக்கிறது?

ஒரு துண்டை வளைத்தேன். வளைய வேண்டும், விரிசல் விட வேண்டும், ஒடியக் கூடாது. வளைந்தது. விரிசல் விட்டது. ஒடியவில்லை.

மார்ச் 12, வியாழன்

கெட்டுப்போனால்? அங்கே யார் இருக்கிறார்கள்? என் கையாலேயே கட்டிக் கொடுத்து...

ஒரு வழி தோன்றியது. அதே கறியில் இருபத்தொரு துண்டைப் பாட்டிலில் போட்டு, ஃப்ரிட்ஜில் வைக்காமல் அலமாரியில் வைப்பது. தினம் காலையில் நான் ஒன்று தின்பது. எனக்கு ஏதாவது செய்தால் உடனே அவருக்கு ஃபோன்.

"நீ எனக்குப் பொண்டாட்டியா, ராஜாவுக்குச் சோறு ருசி பாக்குற ஆளா?" என்று சிரிக்கிறார். அத்தை சிரிக்கவில்லை. பாட்டிலை அலமாரியின் எந்தத் தட்டில் வைக்கிறேன் என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

மார்ச் 14, சனி

கிளம்பிவிட்டார்.

மார்ச் 15, ஞாயிறு

ஒன்று. வயிறு சரி.

மார்ச் 16, திங்கள்

இரண்டு. சரி. அங்கேயும் சரியாம்.

மார்ச் 19, வியாழன்

ஐந்து. பதினோரு மணிக்கு வயிற்றில் ஒரே இரைச்சல். அவருக்கு ஃபோன் போட்டு, "தொடாதீங்க, அப்படியே வச்சிடுங்க" என்றேன்.

"காலைல என்ன சாப்ட்ட?"

அந்த ஒரு துண்டுதான். குட்டிக்கு ஊட்டியதில் என் தட்டை மறந்தே போனேன். பசி.

மார்ச் 22, ஞாயிறு

எட்டு. குட்டி நாற்காலியைத் தானே தள்ளுகிறாள்!

ஏப்ரல் 1, புதன்

அலமாரியைத் துடைக்கும்போதுதான் பாட்டில் கண்ணில் பட்டது. பத்து நாளாக நான் தொடவே இல்லை. பதிமூன்று இருக்க வேண்டும். இருப்பது மூன்று.

அத்தை கூடத்தில் எதையோ மென்றுகொண்டிருந்தார்.

"நீ மறந்துட்ட. யாராவது ஒருத்தர் பாத்துக்கணும்ல? தினம் ஒண்ணு, எண்ணித்தான் எடுத்தேன். வயிறு ஒண்ணும் பண்ணல."

"ஏன் அத்தை என்கிட்ட சொல்லல?"

"சொன்னா மறுபடி ஞாபகம் வந்துடுமே."

சனிக்கிழமை இவர் வருகிறார். கறிக்கடையில் ஒன்றரைக் கிலோ சொல்லியிருக்கிறேன். அத்தைக்குக் காரம் போதவில்லையாம்.