வேலூர்க்காரிக்கு முட்டை வேண்டுமாம்

ஆகஸ்ட் 5, செவ்வாய்

பால் காயும்போது செல் கிணுங்கியது. எடுத்துப் பார்த்தேன். "சாரதாமணிக்கு மூன்று முட்டைகள் தேவை. உதவுவீர்களா?" என்று இருந்தது. பக்கத்தில் ஒரு கோழி கொண்டையை ஆட்டிக்கொண்டு நின்றது.

சாரதாமணி என் தங்கை. பரமத்தி வேலூரில் இருக்கிறாள். எங்களுக்குள் பேச்சு நின்று பன்னிரண்டு வருஷம் ஆகிறது. நிறுத்தியது நான்தான். காரணம் இருக்கிறது.

அதற்குள் பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்துவிட்டது. அதையும் அவள் பேரில்தான் சேர்த்துக்கொண்டேன்.

நாமக்கல்லில் குடியிருக்கிறவளிடம் முட்டை கேட்கிறாளாம். கிண்டலைப் பார்.

ஆகஸ்ட் 6, புதன்

இன்றைக்கு வேறு மாதிரி. "உங்கள் தோட்டம் வாடுகிறது! சாரதாமணி தண்ணீர் ஊற்றியிருக்கிறார்."

எங்கள் வீட்டுக்குப் பின்னால் இருப்பது ஒரு முருங்கை, ஒரு கறிவேப்பிலை. போய்ப் பார்த்தேன். இரண்டும் நன்றாகத்தான் இருக்கின்றன. போய்ப் பார்த்ததற்காக என் மேலேயே கோபம் வந்தது.

ஆகஸ்ட் 7, வியாழன்

முட்டை. தண்ணீர். மறுபடியும் முட்டை.

ஆகஸ்ட் 8, வெள்ளி

பேத்தி மோகனப்பிரியாவுக்குப் போன் போட்டேன். திருச்செங்கோட்டில் காலேஜ் ஹாஸ்டலில் இருக்கிறாள். எனக்கு முகநூலில் கணக்குத் திறந்து சொந்தக்காரர்களை வரிசையாகச் சேர்த்துவிட்டது அவள்தான். வேலூர்க்காரியையும் சேர்த்திருக்கிறாள். ஏன் என்று கேட்டால், "சொந்தந்தானுங்களே அப்பத்தா" என்கிறாள். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு யாரோடு பேச்சு உண்டு, யாரோடு இல்லை என்பதெல்லாம் மனசில் நிற்பதே இல்லை.

"அது தோட்டம் போடற விளையாட்டுங்க அப்பத்தா. எப்பவோ உங்க கை பட்டிருக்கும். அதுல உங்க பேருலயும் ஒரு தோட்டம் கெடக்குது."

"அவ எதுக்குக் கண்ணு எங்கிட்ட முட்ட கேக்கறா?"

"அவிய கேக்கலீங்க. அவிய செல்லுல இருக்கற எல்லாருக்கும் விளையாட்டே தானா அனுப்பிக்கும்."

சரி என்று வைத்துவிட்டேன். அவள் கேட்கவில்லை என்றால் எனக்கு நிம்மதியாகத்தானே இருக்க வேண்டும்? இல்லை. முந்தாநாளைவிடக் கோபம் கூடித்தான் இருக்கிறது. ஏன் என்று தெரியவில்லை.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

காரணத்தை எழுதி வைக்கிறேன். மறந்துவிடும் என்பதற்காக இல்லை. எனக்கு எதுவும் மறக்காது.

என் வீட்டுக்காரர் மணியன் போனது சித்திரையில். சாரதாமணி மகளுக்குக் கல்யாணம் வைகாசியில். அழைப்பு வைக்க அவள் எங்கள் தெருவுக்கு வந்தாள். அரக்குப் பட்டு, கனகாம்பரம், கையில் வெற்றிலைபாக்குத் தட்டு. எதிர் வீட்டுப் படி ஏறினாள். பக்கத்து வீட்டுப் படி ஏறினாள். நான் ஜன்னலுக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். என் வீட்டு வாசலில் கால் வைக்கவில்லை. அவள் வீட்டுக்காரர் தனபால் வந்து கார்டை ஜன்னல் கம்பிக்குள் செருகிவிட்டு, செருப்பைக்கூடக் கழற்றாமல் போனார். நாள் கழியாத வீட்டுக்குத் தட்டு எடுத்துக்கொண்டு வரக்கூடாதாம்.

ஊருக்குச் சரி. கூடப் பிறந்தவளுக்குமா? ஒரே பாயில் படுத்து எழுந்தவளுக்குமா?

கல்யாணத்துக்கு நான் போகவில்லை. அன்றோடு பேச்சும் போயிற்று.

இன்று காலையில் மறுபடியும் கோழி ஆடியது. மோகனப்பிரியாவைக் கூப்பிட்டு, இதை நிறுத்துவதற்கு வழி சொல் என்றேன். சொன்னாள். வந்த செய்தியை அழுத்திப் பிடித்தால் கீழே சில வரிகள் விழும். "இந்த விளையாட்டின் அறிவிப்புகளை நிறுத்து" என்று ஒன்று. அதற்குக் கீழே "சாரதாமணியிடமிருந்து எதையும் காட்டாதே" என்று ஒன்று.

"மேல இருக்கறத மட்டும் அமுத்துங்க அப்பத்தா. ஆள மூடிராதீங்க."

ஆளைத்தான் மூடினேன்.

ஆகஸ்ட் 11, திங்கள்

செல் கிணுங்கவில்லை. வீடு வீடாக இருக்கிறது.

ஆகஸ்ட் 15, வெள்ளி

கோயிலில் சின்னாயி பிடித்துக்கொண்டாள். ஊர்ச் செய்தியெல்லாம் அவள் வாயில்தான் இருக்கும். "ஏனுங்க, உங்க தங்கச்சியோட மூத்த மகன் பையன் யோகேசுக்கு ஆவணியில கல்யாணமாமா? உங்களுக்குத் தெரியாதுங்களா?" என்றாள். தெரியும் என்று சொல்லிவிட்டேன். அவள் என் முகத்தைப் பார்த்த பார்வையும் எனக்கு மறக்காது.

இந்தத் தடவை என் வீட்டில் நாள் கழியாத தீட்டு எதுவும் இல்லை. அவளுக்குச் சொல்லிக்கொள்ளச் சாக்கும் இல்லை. வரட்டும் பார்க்கலாம்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

வாசல் தெளித்துப் பெரிய கோலமாகப் போட்டேன். மருமகள், "என்னுங்க அத்தை, இன்னைக்கு என்ன விசேசம்?" என்றாள். ஒன்றுமில்லை என்றேன். வேலூர் பஸ் வரும் நேரமெல்லாம் எனக்குத் தெரியும். சாயங்காலம்வரை நல்ல சேலையிலேயே உட்கார்ந்திருந்தேன்.

யாரும் வரவில்லை.

ஆகஸ்ட் 20, புதன்

இன்றும் இல்லை.

ஆகஸ்ட் 22, வெள்ளி

மகன் தமிழரசு லாரி பாடி கட்டும் பட்டறை வைத்திருக்கிறான். மத்தியானம் சாப்பிட வந்தவன் கார்டை மேஜை மேல் வைத்தான்.

"சித்தப்பா பட்டறைக்கு வந்து குடுத்துட்டுப் போனாரும்மா."

"பட்டறைக்கு வழி தெரியுது. ஊட்டுக்கு வழி தெரியலியாமா?"

"உங்கள சின்னம்மாவே கூப்பிட்டாச்சுன்னு சொன்னாருங்க."

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டது. எப்பக் கூப்பிட்டா? எங்க வந்து கூப்பிட்டா? போன தடவை ஜன்னல்ல கார்டாவது வந்துச்சு. இந்தத் தடவை வெறும் பொய்! வாய் கூசாம ஒரு பொய்!

நான் வரவில்லை என்று சொல்லிவிட்டேன். "ஒரு எட்டு வந்துட்டுப் போயிரலாமுங்க" என்றான். அவன் அப்பாவும் இப்படித்தான். யார் என்ன செய்தாலும் ஒரு எட்டுப் போய்விட்டு வரலாம் என்பார்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

கல்யாணம். தமிழரசும் மருமகளும் விடியுமுன்னே கிளம்பிப் போனார்கள். நான் நேற்றுச் சோற்றில் மோர் ஊற்றிச் சாப்பிட்டேன்.

திரும்பி வந்து தாம்பூலப் பையை என் முன்னால் வைத்தான். யார் யார் வந்தார்கள், என்ன சாப்பாடு என்றெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தவன் நடுவில் ஒன்று சொன்னான்.

"தாலித் தட்டப் பெரியவிய தொட்டுக் கும்பிடறதுக்கு எடுத்துட்டு வருவாங்கல்லங்க. சின்னம்மா அதைக் கையில வெச்சுட்டு வாசலயே பாத்துட்டு உக்காந்திருந்தாங்க. நேரம் போகுதுன்னு ஐயர் ரெண்டு தடவ சத்தம் போட்ட பொறகுதான் தட்டையே சுத்த உட்டாங்க."

"எவளுக்காகக் காத்திருந்தாளோ" என்றேன்.

பையில் இருந்தது வேலூர் வெற்றிலை. நான் தொடவில்லை.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

மோகனப்பிரியா லீவுக்கு வந்திருக்கிறாள். செல்லில் இடம் அடைத்துக் கிடக்கிறது, அழித்துக் கொடுக்கிறேன் என்று வாங்கினாள். எதையெதையோ தள்ளித் தள்ளிப் பார்த்தாள். பிறகு, "அப்பத்தா, நீங்க ஆளவே மூடி வெச்சிருக்கீங்களா?" என்றாள்.

ஆமாம் என்றேன்.

"வேலூர் அப்பத்தா ஒரு வீடியோ அனுப்பியிருக்காங்க. பன்னெண்டாந் தேதியே."

நான் மூடி இரண்டு நாள் கழித்து.

பார்த்தேன். நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். இளைத்துப்போயிருக்கிறாள். ஒரு காலை நீட்டி முக்காலி மேல் வைத்திருக்கிறாள், முட்டியில் பெரிய கட்டு. மடியில் தட்டு. தட்டில் வெற்றிலை, பாக்கு, மஞ்சள், கல்கண்டு.

"அக்கா, நாந்தான். முட்டிக்கு ஆப்ரேசன் பண்ணியிருக்குது, படி ஏற முடியல. இல்லாட்டி நேர்லயே வந்திருப்பேன். அன்னைக்கு உன்ற ஊட்டுப் படி ஏறாம போனது தப்புதான். எம் மாமியா போகக்கூடாதுன்னாங்க, நானும் கேட்டுட்டேன். பயந்துட்டேன்க்கா. இப்ப நம்ம யோகேசுக்குக் கல்யாணம். நீ வரோணும். தாலித் தட்டு மொதல்ல உங்கிட்டத்தான் வரும், யாரு என்ன சொன்னாலுஞ் செரி. நீ தொட்டுக் குடுத்தாத்தான் கட்டச் சொல்லுவேன்."

பிறகு தட்டை இரண்டு கையாலும் எடுத்துச் செல்லுக்கு நேராக நீட்டினாள். வாங்குவதற்கு ஆள் இருக்கிற மாதிரி நீட்டிக்கொண்டே இருந்தாள். அதோடு படம் நின்றுவிட்டது.

என்னைப் போய் — புருசன் இல்லாதவள — தாலித் தட்டுக்கு முன்னால கூப்பிட்டிருக்கா. எந்தக் கல்யாணத்துல எவ கூப்பிட்டா? நான் கோலம் போட்டுட்டு வாசலப் பாத்துட்டு உக்காந்திருந்தேன். அழைப்பு என் இடுப்புல, சுருக்குப் பையில, செல்லுக்குள்ள இருந்திருக்குது.

"இன்னொண்ணுங்க அப்பத்தா. முட்டதான் தானா வரும். தண்ணி ஆளு அமுத்துனாத்தான் வரும். அவிய தெனமும் உங்க தோட்டத்துக்கு ஊத்தியிருக்காங்க."

நேற்றுகூட ஊற்றியிருக்கிறாளா என்று கேட்டேன். பார்த்துவிட்டுச் சொன்னாள். கல்யாணத்துக்கு முதல் நாளோடு நின்றிருக்கிறது.

செப்டம்பர் 1, திங்கள்

வேலூர் போனேன். தனியாகத்தான் போனேன். வாழைப்பழமும் பூவும் வாங்கிக்கொண்டேன்.

பந்தல் பிரித்த குழிகள் வாசலில் அப்படியே இருந்தன. தனபால் எழுந்து, "வாங்க, வாங்க" என்று நாற்காலி போட்டார். அவள் கட்டிலில் உட்கார்ந்திருந்தாள்.

"வாங்க பெரிய மனுசி. சாப்பாட்டுப் பந்தி முடிஞ்சு இலையெல்லாம் மாடு தின்னுருச்சுங்களே."

"நீ கூப்பிட்டத நேத்துத்தான் பாத்தேன், சாரதா. செல்லுல மூடி வெச்சிருந்தேன். தெரியல."

"அதென்ன மூடறது?"

சொன்னேன். முட்டை வந்ததையும், கோழி ஆடியதையும், நான் அமுக்கியதையும் சொன்னேன். தனபால் சிரித்துவிட்டு, அவள் முகத்தைப் பார்த்ததும் வெளியே போய்விட்டார்.

"செல்லு மேல பழியப் போடறயா? அன்னைக்கு நான் படி ஏறத்தான் வந்தேன், மாமியா வேண்டாம்னு தடுத்துருச்சுன்னு அப்பவே வந்து சொல்லியிருந்தா நீ நம்பியிருப்பியா?"

நம்பியிருக்க மாட்டேன். அது அவளுக்கும் தெரியும்.

"தட்ட வெச்சுட்டு உக்காந்திருந்தேன். அத்தன சனமும் என்னத்தான் பாத்துச்சு. உனக்கு மட்டுந்தான் மானம் இருக்குதா?"

அவளும் எங்கள் அம்மா வயிற்றில் பிறந்தவள்தானே. எனக்கு மறக்காது என்றால் அவளுக்கு மட்டும் மறந்துவிடுமா?

அவள் மருமகள் காபி கொண்டுவந்தாள். சர்க்கரை போடவில்லை. எனக்குச் சர்க்கரை இருக்கிறது என்று அந்த வீட்டில் யாருக்குத் தெரியும்? நான் கேட்கவில்லை. சாரதாவும் சொல்லவில்லை.

கிளம்பும்போது சொன்னாள்: "உனக்கு அந்த முட்ட எழவு புடிக்கலீன்னா இனிமே வராது. தானாப் போறத யோகேசுகிட்டச் சொல்லி நிறுத்திடறேன். அதுக்கப்பறம் நானா அமுத்துனாத்தான் வரும். நான் அமுத்த மாட்டேன்."

வாரேன் என்று சொன்னேன். பூவை மட்டும் எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டாள்.

செப்டம்பர் 2, செவ்வாய்

மோகனப்பிரியா ஹாஸ்டலுக்குக் கிளம்புமுன் மூடியதைத் திறந்து கொடுத்தாள். அந்த விளையாட்டையும் என் செல்லில் போடச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. நல்ல பிள்ளை.

என் தோட்டம் நிஜமாகவே காய்ந்துதான் கிடந்தது.

செப்டம்பர் 5, வெள்ளி

தக்காளி நட்டிருக்கிறேன். ஒரு கோழி கொடுத்தார்கள். மகன் எட்டிப் பார்த்துவிட்டு, "நாமக்கல்லுல இன்னொரு கோழிப் பண்ணயாம்மா?" என்றான்.

"போய் உன்ற லாரியப் பாரு" என்றேன்.

செப்டம்பர் 8, திங்கள்

கூடையில் முட்டை சேர்ந்திருக்கிறது. "அண்டை வீட்டாருக்கு அனுப்பலாம்" என்று காட்டுகிறது. அவள் தோட்டத்தையும் பார்த்தேன். வாழை குலை தள்ளி நிற்கிறது.

அனுப்பவில்லை. கேட்காதவளுக்கு எப்படிக் கொடுப்பது? ஆனால் தண்ணீர் ஊற்றினேன். தண்ணீரை அவளும் கேட்காமல்தான் ஊற்றினாள்.

செப்டம்பர் 10, புதன்

தண்ணீர் ஊற்றினேன். செல் கிணுங்கியது. ஓடிப்போய்ப் பார்த்தால் கேஸ் கம்பெனி.

செப்டம்பர் 12, வெள்ளி

தண்ணீர்.

செப்டம்பர் 14, ஞாயிறு

பால் அடுப்பில் இருந்தது. கிணுங்கியது.

"சாரதாமணிக்கு மூன்று முட்டைகள் தேவை. உதவுவீர்களா?"

அதே கோழி. மோகனப்பிரியாவுக்குப் போன் போட்டு, தானாகப் போவதை நிறுத்திவிட்டால் பிறகு தானாக வருமா என்று ஒரு தடவை கேட்டுக்கொண்டேன். வராதாம். ஆள் அமுக்கினால்தான் வருமாம்.

வீம்புக்காரி. அமுத்த மாட்டேன் என்றவள்தானே.

ஜன்னலில் செருகின கார்டு எனக்கு மறக்கவில்லை. தாலித் தட்டோடு உட்கார்ந்திருந்தது அவளுக்கும் மறந்திருக்காது. அவையெல்லாம் ஒரு பக்கம் இருக்கட்டும்.

கூடையில் இருந்த முட்டை மொத்தத்தையும் அனுப்பினேன். பால் பொங்கி வழிந்தது. இந்தத் தடவை யார் பேரிலும் சேர்க்கவில்லை.