பெயர் சொன்னால்தான் ஆட்டம்

பிப்ரவரி 3, செவ்வாய்

கணவரின் அக்கா சபீகா வந்திருந்தாள். மகள் லுல்வாவின் கல்யாணத்துக்கு அழைப்பு. வெறும் விருந்தாளியாக.

"மேளத்தைத் தூக்கிட்டு வந்துடாத வஸ்மியா. சம்பந்தி பெரிய இடம். என் தம்பி பொண்டாட்டி கல்யாணத்துல பாடுறவன்னு தெரிஞ்சா என்ன நினைப்பாங்க?"

குவைத்தில் பாதிப் பெண்கள் என் பாட்டுக்குத்தான் கூந்தலை வீசி ஆடியிருக்கிறார்கள். பாட்டு வேண்டும், பாடுகிறவள் உறவாக இருக்கக் கூடாது. நல்ல நியாயம்!

பிப்ரவரி 5

ஒலிபெருக்கியில் பதிவுப் பாட்டாம். அதுதான் நாகரிகமாம். அந்தப் பெட்டி யார் பெயரைச் சொல்லிக் கூப்பிடும்? நான் கேட்கவில்லை. கேட்டால் பொறாமை என்பாள்.

பொறாமைதான். லுல்வாவுக்கு நான்தான் பாடுவேன் என்று அவள் பிறந்த நாளிலிருந்து நினைத்திருந்தேன். 

பிப்ரவரி 12, வியாழன்

சிரிப்பை அடக்கிக்கொண்டு எழுதுகிறேன்.

மண்டபத்தில் பாட்டு அலறுகிறது. மாப்பிள்ளையின் அம்மா ஹுஸ்ஸாவும் அவள் வீட்டுப் பெண்களும் பசை போட்டு ஒட்டியதுபோல உட்கார்ந்திருக்கிறார்கள். பாடுகிறவள் குடும்பப் பெயரைச் சொல்லி அழைக்காமல் எந்தக் கௌரவமான வீட்டுப் பெண் ஆட எழுவாள்? சபீகா அண்ணி ஹுஸ்ஸாவின் கையைப் பிடித்து இழுத்தாள். ஹுஸ்ஸா உதறினாள்.

"எங்க வீட்டுப் பேரைச் சொல்ல உங்க வீட்டுல ஒரு வாய்கூடவா இல்ல?"

வீட்டுக்குக் கிளம்பக் கறுப்பு அங்கியை எடுத்து மாட்ட ஆரம்பித்துவிட்டாள். மேடையில் லுல்வாவுக்குக் கண் கலங்கிவிட்டது. அண்ணி என்னிடம் ஓடி வந்தாள்.

"பாடிடும்மா வஸ்மியா!"

"பாடுறேன் அண்ணி. நான் யாருன்னு முதல்ல நீங்க மைக்குல சொல்லுங்க."

சொன்னாள், விளக்கெண்ணெய் குடித்த முகத்தோடு. "இவ... என் தம்பி பொண்டாட்டி வஸ்மியா. கல்யாணப் பாட்டுக்காரி."

குலவை கூரையைப் பிளந்தது. ஹுஸ்ஸா அங்கியை வீசினாள். "வஸ்மியாவா! இவளையா இவ்வளவு நேரம் ஓரமா உட்கார வெச்சீங்க?"

மேளம் ஏது? இனிப்புத் தட்டைக் கவிழ்த்து அடித்தேன். அவள் வீட்டுப் பெயரைச் சொன்னேன். முதலில் எழுந்தது ஹுஸ்ஸாதான். லுல்வா அழுதுகொண்டே சிரித்தாள். நானும்தான்.

பிப்ரவரி 15, ஞாயிறு

அண்ணி போன் செய்தாள். ரம்ஜான் முடிந்ததும் ஹுஸ்ஸாவின் தங்கை மகளுக்குக் கல்யாணம். நான் பாடுவதாக வாக்குக் கொடுத்துவிட்டாளாம், என்னை ஒரு வார்த்தை கேட்காமல்.

"பாட்டு எங்க குடும்ப ரத்தத்துலயே இருக்குன்னு சொல்லிட்டேன்."

நான் அவள் தம்பியைக் கட்டிக்கொண்டு வந்தவள். எந்த ரத்தமோ!

சரி, போகிறேன். முன்வரிசையில் அண்ணியும் இருப்பாள், புதுத் துணியும் பூச்சுமாக, ஆட எழக் காத்துக்கொண்டு. எல்லார் பெயரையும் பாடி முடித்த பிறகு அவள் பெயரைச் சொல்வேன்.