பென்சிலில் எழுதிய பெயர்

அண்ணா,

கோயிலில் கொடுத்த ஞானஸ்நானப் படிவம் அரிசி டின்மேல் கிடந்தது. தாய் பெயர், தகப்பன் பெயர், பிறந்த நாள், ஞானத்தாய் என்ற இடத்தில் என் பெயர், எல்லாம் நீலப் பேனாவில். குழந்தையின் பெயர் மட்டும் பென்சிலில். நான் முதலில் பார்த்தது அதைத்தான். படிவத்தை நிரப்பிய சித்தப்பா, வேண்டாமென்றால் அழித்துவிடலாம் என்று நினைத்திருப்பார்.

அது உன் பெயர். சேவியர்.

உனக்கு மகன் பிறந்து நாற்பது நாள் ஆகிறது. நீ போன ஃபைபர் படகு எண்ணூர்ப் பக்கம் கவிழ்ந்து கிடந்ததைக் கண்டுபிடித்து ஐந்து மாதம். உன்னோடு வந்த இரண்டு பேர் காலி கேன்களைப் பிடித்துக்கொண்டு கரை சேர்ந்தார்கள். நீ சேரவில்லை. நீ கிடைக்கவும் இல்லை.

நம் வீட்டில் உயிரோடு இருப்பவர் பெயரைக் குழந்தைக்கு வைப்பதில்லை. தாத்தா சவரிமுத்து கண்ணை மூடிய பிறகுதான் அந்தப் பெயர் சேவியர் என்று மாறி உனக்கு வந்தது. அதனால் பேரனுக்கு உன் பெயரை வைக்க வேண்டும் என்று அம்மா சொன்னபோது, அதோடு சேர்த்து வேறு என்ன சொல்கிறாள் என்பது எல்லோருக்கும் புரிந்தது. அண்ணி பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். நிமிராமலே சொன்னாள்.

“அவரு பேர வெச்சா, இனிமே நீ வர வாணாம்னு நானே சொன்ன மாரி ஆயிடும் அத்தே.”

அண்ணி உன் செருப்பை இன்னும் வாசலில்தான் வைத்திருக்கிறாள். தினமும் மணலைத் தட்டி வைக்கிறாள். உன் நம்பருக்கு மாதாமாதம் ரீசார்ஜும் செய்கிறாள். அம்மா உன் ஆன்மாவுக்காகப் பூசை வைக்கலாமா என்று ஒருமுறை கேட்டதற்கு அண்ணி இரண்டு நாள் சாப்பிடவில்லை.

இந்த இரண்டு பேருக்கும் நடுவில் என்னை நிறுத்திவிட்டார்கள். நம் ஊர்ப் பக்கத்தில் குழந்தையை ஏந்தி நிற்கிற ஞானத்தாய்தான், ஃபாதர் கேட்கும்போது பெயரைச் சத்தமாகச் சொல்ல வேண்டும். என்னைப் போய். பள்ளிக்கூடத்தில் அட்டெண்டன்ஸ் எடுக்கும்போது என் குரல் யாருக்கும் கேட்காது, ஆப்சென்ட் போட்டுவிடுவார்கள். ஒன்பதாம் வகுப்போடு நான் நின்றதற்கு அம்மாவின் உடம்புதான் காரணம் என்று எல்லோரிடமும் சொன்னோம். பாதிக் காரணம் அந்த அட்டெண்டன்ஸ். உனக்கு மட்டும் தெரியும். “கீறேன்னு சொல்றதுக்கு இன்னா மே பயம்?” என்று சிரித்தாய்.

இப்போது பயம் வேறு. நீ எங்கோ ஒரு கேனைப் பிடித்துக்கொண்டு இன்னும் மிதக்கிறாய் என்றும், நான் உன் பெயரைச் சொல்கிற நிமிடம் உன் கை நழுவிவிடும் என்றும் தோன்றிக்கொண்டே இருந்தது. இறால் உரிக்கும்போதும் அதே நினைப்பு. விரலில் இரண்டு இடத்தில் வெட்டிக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை, குழந்தைக்கு வெள்ளைச் சட்டை தேடியபோது, மாதா படத்துக்குப் பின்னாலிருந்து அந்த பிஸ்கட் அட்டை விழுந்தது. நினைவிருக்கிறதா? மீன்பிடித் தடைக்காலத்தில் படகு இல்லாமல் நீ கிடங்கில் மூட்டை தூக்கப் போனாய். கல்மண்டபத்து டீக்கடையில் கப்பல் சமையல்காரர் ஒருவர், ஸ்பெயின்காரர், உன் பெயரைக் கேட்டதும் எழுந்து கட்டிப்பிடித்துக்கொண்டாராம். அவர் ஊரில் அதை ‘ஹவியேர்’ என்பார்களாம். உன் தோஸ்துகள் ஒரு வாரம் உன்னை ‘வெள்ளக்கார மாமு’ என்று ஓட்டினார்கள்.

அவர் போனில் மொழிபெயர்த்துச் சொன்னதை நீ எனக்குச் சொன்னாய். அது முதலில் ஆள் பெயரே இல்லை. ஸ்பெயினின் வடக்கே மலைப் பக்கத்து ஜனங்களின் பழைய பாஷையில் புது வீடு என்று அர்த்தம். அது ஓர் ஊருக்கும் கோட்டைக்கும் பெயரானது. அந்தக் கோட்டையில் பிறந்தவர் சாமியாராகிக் கப்பலேறி, நமக்குத் தெற்கே முத்துக் குளிக்கிற கடற்கரைக்கு வந்தார். அவரை ஊர்ப் பெயரால் கூப்பிட்டார்கள். அவர் புனிதரான பிறகு ஸ்பெயினில் பிள்ளைகளுக்கு அதையே வைத்தார்கள். நம் கடற்கரை ஜனங்கள் சவேரியார் என்றார்கள், சவரிமுத்து என்றார்கள், பெண் பிறந்தால் சவரியம்மாள் என்றார்கள். அத்தனை தூரம் வந்த பெயரைப் போனில் முழுதாக விளக்க முடியாமல், அந்தச் சமையல்காரர் கடைசியில் பிஸ்கட் அட்டையைக் கிழித்து ஒரு வீடு வரைந்து கொடுத்தார். “எனக்கு வெச்சிக்கீறது ஆளு பேரு இல்ல மே, வூட்டு பேரு” என்று நீ அதை நெஞ்சில் ஒட்டிக்கொண்டு தெருவெல்லாம் நடந்தாய்.

அட்டையை அண்ணியிடம் நீட்டினேன். எனக்குத் தெரிந்ததையெல்லாம் திக்கித் திக்கிச் சொன்னேன். அவள் அட்டையிலிருந்த வீட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்.

“கதவ தொறந்துதான் போட்டுக்கீறான் அந்தாளு.”

பிறகு சட்டையை வாங்கிக் குழந்தைக்கு மாட்டினாள். முதல் பொத்தானைப் போடும்போது என்னைப் பார்க்காமலே சொன்னாள்.

“சொல்லு பாப்பா. ஆனா செருப்ப நான் எடுக்க மாட்டேன்.”

கோயிலில் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்ததும் எனக்குக் கடல்தான் தெரிந்தது. குழந்தை என் கையில் கனத்தது. அம்மா ஒரு பக்கம், அண்ணி ஒரு பக்கம். அண்ணியின் கை என் தாவணியைப் பிடித்திருந்தது. குழந்தைக்கு என்ன பெயர் இடுகிறீர்கள் என்று ஃபாதர் கேட்டார். வாயைத் திறந்தேன், காற்றுதான் வந்தது. ஃபாதர் குனிந்து மறுபடியும் கேட்டார்.

கடைசி வரிசைக்கும் கேட்கும்படி உன் பெயரைச் சொன்னேன்.